ஆர்தூர் ஜ்மியெவ்ஸ்கி எடுப்பது ஆவணப்படமா?

ஆவணப்படம்தான், ஆனால் நடப்பதை ஒதுங்கி நின்று படம்பிடிக்கிற வகை இல்லை. இந்தப் போலந்துக் கலைஞர் ஒரு சூழலை அவரே உருவாக்கி, ஆட்களை உள்ளே விட்டு, என்ன ஆகிறது என்று கேமராவை ஓடவிடுவார். 2007-இல் வந்த ‘அவர்கள்’ படத்தில் வயதான கத்தோலிக்கப் பெண்கள், யூத இளைஞர்கள், இடதுசாரிகள், தேசியவாதிகள் என நாலு குழு. ஒவ்வொரு குழுவும் தன் சின்னத்தை வரைய வேண்டும், அப்புறம் அடுத்தவர் சின்னத்தில் பிடிக்காததை இஷ்டத்துக்கு மாற்றலாம். தேவாலயப் படத்தின் கதவைக் கத்தரித்துத் திறந்ததில் ஆரம்பித்து, கடைசியில் தீயே வைத்துவிட்டார்கள்!

ஏன் இப்படி? நீங்கள் யார் என்று பேட்டியில் கேட்டால் எல்லாரும் நல்லபிள்ளையாகத்தான் பேசுவார்கள். நாம் போட்ட கோலத்தைப் பக்கத்து வீட்டுக்காரர் ‘சரி’ செய்தால் சுருக்கென்று வருமே, அந்தக் கோபம்தான் ஜ்மியெவ்ஸ்கிக்கு வேண்டியது. எனக்கென்னவோ இதில் கொஞ்சம் குரூரமும் இருப்பதாகத் தோன்றுகிறது.

படத்தில் வருகிறவர்கள் நடிகர்கள் என்று சிலர் நினைக்கிறார்கள். இல்லை, வசனம் எழுதிக் கொடுக்கவில்லை, எல்லாரும் நிஜ ஆட்கள்.