கேள்வி பதில்: பின்லாந்தின் கிர்சிக்கா சாரி

கேள்வி: பின்லாந்து படம் என்றால் எல்லாரும் இயக்குநர் பெயரையே சொல்கிறார்கள். கதை எழுதுகிறவர்களில் யாரைக் கவனிக்கலாம்?

பதில்: கிர்சிக்கா சாரி. 2012இல் இவர் எழுதி, செல்மா வில்ஹுனென் இயக்கிய 'எல்லாத்தையும் நான்தான் பார்க்கணுமா?' என்ற குறும்படம் வெறும் 7 நிமிடம். ஒரு குடும்பம் கல்யாணத்துக்குக் கிளம்புகிறது, ஒன்றும் ஒழுங்காக நடக்கவில்லை, எல்லாப் பொறுப்பும் தன் தலையில்தான் என்று அம்மா ஓடிக்கொண்டே இருக்கிறாள். அவ்வளவுதான் கதை. 2014 ஆஸ்கரில் சிறந்த குறும்படத்துக்கான பரிந்துரை வரை போனது.

கேள்வி: தீவிர வலதுசாரிகளோடு சேரும் பையனையே நாயகனாக்கி எழுதியிருக்கிறாராமே, அது அவர்களை நியாயப்படுத்துவது ஆகாதா?

பதில்: 'ஸ்டூப்பிட் யங் ஹார்ட்' (2018) படத்தைச் சொல்கிறீர்கள், இயக்கம் மறுபடியும் வில்ஹுனென். லென்னிக்கு 15 வயது, காதலி கீரா கர்ப்பமாகிவிடுகிறாள், இவனோ அப்பா இல்லாமல் வளர்ந்தவன், ஒரு ஆணாக எப்படிப் பொறுப்பேற்பது என்று காட்டித்தர யாரும் இல்லாத நேரத்தில் அவனை மதித்துப் பக்கத்தில் உட்காரவைத்துப் பேசுகிறவன் வெறுப்பு அரசியல்காரனாக இருந்துவிடுகிறான். எனக்கு இந்த எழுத்தில் பிடித்ததே அதுதான்: பையன் கொள்கையில் மயங்கிப் போகவில்லை, கொஞ்சம் கவனிப்புக்கு ஏங்கிப் போகிறான். இதைப் புரியவைப்பது அவனை மன்னிப்பது ஆகாது. அவனை வெறும் அரக்கனாக எழுதியிருந்தால் பார்ப்பவர்கள் 'நம் வீட்டுப் பிள்ளை இப்படியில்லை' என்று நிம்மதியாக எழுந்து போயிருப்பார்கள், அந்த நிம்மதிதான் ஆபத்து. 2019 பெர்லின் திரைப்பட விழாவின் இளையோர் பிரிவில் படத்துக்குக் கிரிஸ்டல் பேர் விருது கிடைத்தது. அதைக் கொடுத்தது பதின்வயதினர் நடுவர் குழு, அதனால் எனக்கு அந்த விருது ஒரு படி மேல்.

கேள்வி: பாலியல் சீண்டல் பற்றியும் எழுதியிருக்கிறாரா?

பதில்: ஆமாம், இயக்கியும் இருக்கிறார். 'ஃபோர்ஸ் ஆஃப் ஹேபிட்' (2019) ஏழு பெண் இயக்குநர்கள் சேர்ந்து செய்த படம், அவர்களில் இவரும் ஒருவர். 'இதெல்லாம் சகஜம்' என்று தள்ளிவிடும் சின்னச் சின்ன அத்துமீறல்களில் தொடங்கி நீதிமன்றம் வரை கதைகள் போகின்றன. பின்லாந்தில் சம்மதம் இல்லாத உறவு வன்புணர்வுதான் என்று சட்டம் மாறியது 2023 ஜனவரியில், அதாவது படம் வந்து மூன்று வருடத்துக்கு மேல் கழித்து. படத்தால்தான் சட்டம் மாறியது என்று சொல்ல வரவில்லை, ஆனால் அந்த விவாதம் சூடாக இருந்த காலத்தில் எழுதப்பட்டது என்பதை மனதில் வைத்துப் பாருங்கள். முதலில் அந்த 7 நிமிடப் படம், அப்புறம் லென்னியின் கதை, கடைசியாக இது என்ற வரிசையில் பாருங்கள்.