ஸ்டேட்மென்ட்டில் தெரியாத அரசாங்கக் கட்டணம்: கேள்வி பதில்

ஒரு வங்கியின் கார்டு பிரிவில் பல வருஷம் இருந்தேன். 'இது நான் கட்டின பணமே இல்லை' என்று வரும் புகார்களைத் துருவிப் பார்ப்பதுதான் வேலை. இன்றைக்கு அரசாங்கக் கட்டணங்கள் பற்றி மட்டும் கேட்கலாம் என்று சொல்லியிருந்தேன். கேட்டவர்களை ஊர்ப் பெயரால் குறித்திருக்கிறேன்.

தாம்பரம்: கிரெடிட் கார்டு ஸ்டேட்மென்ட்டில் 'எஸ்பிஐ இபே' என்று 1,500 ரூபாயும் சில்லறையும் போயிருக்கிறது. எங்களுக்கு ஸ்டேட் வங்கியில் கணக்கே கிடையாது. கார்டை முடக்கி, டிஸ்ப்யூட் போட்டு வங்கியிடம் பணத்தைத் திரும்பக் கேட்கட்டுமா மேடம்?

கொஞ்சம் பொறுங்கள். எஸ்பிஐ இபே என்பது பணம் வாங்கித் தரும் வாசல் மட்டுமே. பல அரசுத் துறைகள் அதன் வழியாகத்தான் வசூலிக்கின்றன. உங்கள் கார்டு எந்த வங்கியுடையதாக இருந்தாலும் ஸ்டேட்மென்ட்டில் விழுவது அந்த வாசலின் பெயர்தான், துறையின் பெயர் விழாமலே போகலாம். மின்கட்டணம் கட்டினால் 'பில்டெஸ்க்' என்று வருகிறதே, அதே கதை.

தொகையைப் பாருங்கள். பெரியவர்களுக்கு 36 பக்க சாதாரண பாஸ்போர்ட்டுக்குக் கட்டணம் 1,500. வீட்டில் யாராவது விண்ணப்பித்தார்களா என்று முதலில் கேளுங்கள். இந்தியத் தளங்களில் பொதுவாக ஓடிபி இல்லாமல் இப்படிப் பணம் போகாது. அந்தத் தேதியின் எஸ்எம்எஸ்ஸைத் தேடி எடுங்கள், ஓடிபி வந்த செய்தியிலேயே பெரும்பாலும் பெயர் இருக்கும். அப்புறம், அந்த ஓடிபியை யார் படித்துச் சொன்னது?

அதிலும் பிடிபடவில்லை என்றால் வங்கிக்கு போன் போட்டு இரண்டு விவரம் கேளுங்கள். ஒன்று, எம்சிசி என்ற நாலு இலக்க எண். பணம் வாங்கியவர் என்ன தொழில் செய்கிறார் என்பதை அது சொல்லும். 9311 என்றால் வரி, 9222 அபராதம், 9399 பொதுவான அரசு சேவை, 9402 தபால், 4784 சுங்கச்சாவடி. (9211 நீதிமன்றச் செலவு. ஜீவனாம்சமும் இதில்தான் அடங்கும். அந்த எண்ணைச் சொல்லப்போய் ஒரு வீட்டு ரகசியம் என் மேசையிலேயே உடைந்தது.) இரண்டாவது, ஏஆர்என் என்ற 23 இலக்க எண். பணம் வாங்கியவரின் வங்கியில் அந்தப் பரிவர்த்தனையைத் தேடிப் பிடிக்க அதுதான் சாவி.

அவசரப்பட்டு டிஸ்ப்யூட் போடாதீர்கள் என்று நான் ஓயாமல் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. அசல் கட்டணத்தைத் திரும்ப வாங்கிவிட்டால், துறையின் கணக்கில் நீங்கள் கட்டாதவர். விண்ணப்பம் நின்றுபோகும். வரியாக இருந்தால் பாக்கி விழும், வட்டி ஓடும்.

சேலம்: மே கடைசியில் 436 ரூபாயும் 20 ரூபாயும் எடுத்திருக்கிறார்கள். டெபிட் கார்டை யாராவது திருடிவிட்டார்களா?

கார்டுக்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை. 2015-இல் தொடங்கிய இரண்டு மத்திய அரசுக் காப்பீடுகள் இவை. 436 ஜீவன் ஜோதி, ஆயுள் காப்பீடு. 20 சுரக்ஷா, விபத்துக் காப்பீடு. ஒவ்வொன்றிலும் இரண்டு லட்சம் வரை. 2022 மே வரைக்கும் 330, 12 என்று இருந்தன. ஜூன் 1 முதல் அடுத்த மே 31 வரை ஒரு தவணை என்பதால் மே கடைசியில் கணக்கிலிருந்து நேராக எடுப்பார்கள். எப்போதோ ஒரு படிவத்தில் கையெழுத்துப் போட்டிருப்பீர்கள். நிஜமாகவே போடவில்லை என்றால், உங்கள் சம்மதக் கடிதத்தைக் காட்டும்படி கிளையில் எழுத்தில் கேளுங்கள். வேண்டாம் என்றாலும் எழுத்திலேயே கொடுங்கள்.

மதுரை: 436 ரூபாய் என்னது?

சேலத்துக்குச் சொன்னதைப் படியுங்கள்.

கோவை: வருமான வரி 40,000 ரூபாயை கிரெடிட் கார்டில் கட்டினேன். கூடவே இன்னொரு தொகை போயிருக்கிறது. இரண்டு தடவை எடுத்துவிட்டார்களா?

அது கார்டில் வாங்குவதற்கான கூலி, அதன் மேல் 18 சதவீத ஜிஎஸ்டி. விகிதம் வாசலுக்கு வாசல் மாறும். ஒரு சதவீதம் என்று வைத்தால் 400, வரி 72, ஆக 472. சில சமயம் ஒரே வரியில் சேர்ந்து வரும், சில சமயம் தனியாக. பணம் கட்டும் பக்கத்தில் காட்டியிருப்பார்கள், யாரும் படிப்பதில்லை.

ஈரோடு: இது அநியாயம் மேடம். அரசாங்கத்துக்குச் சேரவேண்டியதை நாமே கொண்டுபோய்க் கட்டுகிறோம், அதற்கு நம்மிடமே கூலியா?

கூலி போவது கஜானாவுக்கு அல்ல. கார்டு கொடுத்த வங்கி, வாசல், விசா போன்ற நிறுவனம் மூவரும் பங்கு போட்டுக்கொள்கிறார்கள். கடையில் வாங்கும்போதும் இது உண்டு. அங்கே கடைக்காரர் தன் லாபத்தில் கழித்துக்கொள்கிறார், வரித்துறை கழித்துக்கொள்வதில்லை. யுபிஐக்கும் ரூபே டெபிட் கார்டுக்கும் 2020 ஜனவரியிலிருந்து இந்தக் கூலி பூஜ்யம். நெட்பேங்கிங்கும் இருக்கிறது. நம்மை யாரும் கிரெடிட் கார்டில் கட்டச் சொல்லவில்லை.

ஈரோடு: நாற்பத்தைந்து நாள் வட்டியில்லாக் கடன் கிடைக்கிறதே? பாயின்ட்டும் வருமே?

கணக்கே போட்டுவிடுவோம். 40,000 ரூபாய் சேமிப்புக் கணக்கில் 3 சதவீதத்தில் 45 நாள் கிடந்தால் 148 ரூபாய். கோவைக்குப் போட்ட கணக்கில் கூலி 472. பாயின்ட் விஷயத்தில், அரசுக் கட்டணங்களுக்குப் பல கார்டுகள் பாயின்ட்டே தருவதில்லை. மேலே சொன்ன எம்சிசியைப் பார்த்துத்தான் ஒதுக்குகிறார்கள்.

ஈரோடு: வருஷக் கட்டணத் தள்ளுபடிக்கு இந்தச் செலவு கணக்காகும். அதைச் சொல்ல மறந்துவிட்டீர்கள்.

மறக்கவில்லை. சில கார்டுகளில் அதுவும் சேராது. உங்கள் கார்டில் சேர்கிறது என்றால் நீங்கள் ஜெயித்தீர்கள், சரி.

தாராபுரம்: கெடு நாளில் கையில் காசு இல்லாதவர் என்ன செய்வார்? ஈரோட்டுக்காரர் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது.

கார்டு பில்லை முழுசாகக் கட்ட முடியும் என்றால் இருக்கிறது. வரியைத் தாமதித்தால் மாதம் ஒரு சதவீத வட்டி. கார்டில் கட்டிவிட்டு 'மினிமம் டியூ' என்ற குறைந்தபட்சத் தொகையை மட்டும் செலுத்தினால் மாதம் மூன்று, மூன்றரை என்று ஏறும். இந்த விவகாரத்தை இத்தோடு நிறுத்துவோம், மற்றவர்கள் காத்திருக்கிறார்கள்.

நாகர்கோவில்: சிங்கப்பூர் போவதற்கு முன் வருகை அட்டைக்காக இணையத்தில் கட்டணம் கட்டினேன். ஸ்டேட்மென்ட்டில் அரசாங்கப் பெயர் மாதிரிதான் இருக்கிறது. ஆனால் இப்போது வேறு ஏதோ தொகையும் போகிறது.

சிங்கப்பூர் வருகை அட்டை இலவசம். இறங்கும் நாளோடு சேர்த்து மூன்று நாளுக்குள் அவர்களுடைய குடிவரவுத் துறைத் தளத்திலேயே நிரப்பலாம். மலேசியாவின் டிஜிட்டல் வருகை அட்டையும் இலவசம்தான். நீங்கள் கட்டியது நடுவில் கடை விரித்த ஒரு தளத்துக்கு.

அசல் அரசாங்கம் பில்டெஸ்க், இபே என்று சம்பந்தமில்லாத பெயரில் வந்து நிற்கும். 'விசா', 'இமிக்ரேஷன்', 'அஃபிஷியல்' என்று நெற்றியில் எழுதிக்கொண்டு வருகிறவரைத்தான் நான் முதலில் சந்தேகப்படுவேன். தேடும்போது மேலே வரும் விளம்பரத்தைத் தொடாதீர்கள். இந்திய அரசுத் தளம் பெரும்பாலும் ஜிஓவி டாட் இன் என்று முடியும்.

இந்தக் கார்டை முடக்கலாம், இன்றைக்கே. எண் அவர்களிடம் இருக்கிறது, வெளிநாட்டுத் தளங்கள் பலவற்றுக்கு ஓடிபி தேவையில்லை. இப்போது போகும் தொகைக்கு டிஸ்ப்யூட் போடுங்கள், அதில் உங்கள் பக்கம் பலம். முதல் தொகை கஷ்டம், ஏனென்றால் 'சேவைக் கட்டணம்' என்று பொடி எழுத்தில் போட்டிருப்பார்கள். புதுக் கார்டு வந்ததும் செயலியில் வெளிநாட்டுப் பயன்பாட்டை அணைத்து வையுங்கள்.

புதுக்கோட்டை: நானும் சிங்கப்பூர்தான். ஊர் திரும்பிய பிறகு 'பஸ்/எம்ஆர்டி' என்று கழிந்திருக்கிறது. நான் அப்போது வீட்டில் இருந்தேன்.

பயப்படவேண்டாம். பஸ்ஸிலோ எம்ஆர்டி என்ற மெட்ரோ ரயிலின் வாசலிலோ கார்டைத் தட்டிப் போயிருப்பீர்கள். பயணங்களைச் சேர்த்துவைத்து நாள் கழித்துக் கேட்பார்கள். வெளிநாட்டு கார்டு என்றால் தட்டிய நாளுக்கு 60 காசு சிங்கப்பூர் பணத்தில் கூடுதல், மேலே உங்கள் வங்கியின் அந்நியச் செலாவணிக் கட்டணம்.

திண்டுக்கல்: போக்குவரத்து அபராதம் என்று வாட்ஸாப்பில் ஒரு ஃபைல் வந்தது. திறந்தேன். நேற்று இரவு 38,000 போய்விட்டது.

இதைப் படிப்பதை நிறுத்திவிட்டு சைபர் மோசடிப் புகார் எண் 1930-க்குக் கூப்பிடுங்கள். அடுத்து வங்கி. அந்த போனின் இணையத்தை அணைத்துவிட்டு வேறு போனிலிருந்து பேசுங்கள். ரிசர்வ் வங்கியின் 2017 விதிப்படி, உங்கள் தவறோ வங்கியின் தவறோ இல்லாத மோசடியை மூன்று வேலை நாளுக்குள் சொன்னால் நஷ்டம் உங்களுடையதல்ல. நீங்களே ஓடிபி கொடுத்திருந்தால் சொல்லும் நிமிஷம் வரை போனது உங்கள் தலையில். எந்த அபராதமும் ஏபிகே ஃபைலாக, அதாவது போனில் செயலியை ஏற்றும் ஃபைலாக, வராது. அரசின் போக்குவரத்துத் தளமான பரிவாகனில் வண்டி எண்ணைப் போட்டுப் பாருங்கள்.

ஓசூர்: கார் வீட்டில் நிற்கிறது, ஃபாஸ்டேக்கில் பணம் போகிறது.

டேக் கொடுத்த வங்கியைக் கேளுங்கள், அல்லது தேசிய நெடுஞ்சாலை உதவி எண் 1033.

கும்பகோணம்: எஸ்பிஐ இபே என்றால் என்ன?

தாம்பரம். மேலே. முதல் கேள்வி.

விழுப்புரம்: வங்கி பதிலே சொல்லவில்லை. வழக்குப் போடலாமா?

வழக்குக்கு வக்கீலைப் பாருங்கள். அதற்கு முன், எழுத்தில் புகார் கொடுத்து 30 நாள் ஆகிவிட்டதென்றால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளருக்கு இணையத்திலேயே போகலாம். செலவில்லை.

தாம்பரம் (மறுபடியும்): கண்டுபிடித்துவிட்டோம் மேடம். மாமியாருக்குப் பாஸ்போர்ட். ஓடிபி சொன்னது என் பையன். சிங்கப்பூரில் நாத்தனார் வீட்டுக்குப் போகப்போகிறாராம், எங்களுக்கே இப்போதுதான் தெரியும்.

நாகர்கோவிலுக்குச் சொன்ன பதிலை அவருக்குப் படித்துக் காட்டுங்கள். பையனுக்கும்.