பழைய கார் வாங்கும்போது ஐந்து கதவை விட்டு மூன்று கதவு ஹாட்ச்பேக்கை எடுப்பது சரியான முடிவா?

உங்கள் கேள்வியின் சாரம் இதுதான்: வீட்டில் நீங்களும் உங்கள் துணைவியும் மட்டுமே இருக்கிறீர்கள், அவ்வப்போது உங்கள் தாயார் உடன் வருவார். ஒரே மாடலில், ஏறத்தாழ ஒரே விலையில் இரண்டு பழைய கார்கள் கிடைக்கின்றன. ஐந்து கதவுடையது சற்றுப் பழையது, அதிகம் ஓடியது. மூன்று கதவுடையது அதைவிடப் புதியது, குறைவாக ஓடியது, சர்வீஸ் பதிவுகளும் முழுமையாக உள்ளன. நண்பர்கள் எல்லோரும் ஐந்து கதவையே எடுக்கச் சொல்கிறார்கள்.

மூன்று கதவுக் காரை எடுங்கள் என்பதே என் பதில். நானும் இதே நிலையில் நின்று, பயன்படுத்தப்பட்ட ஆறாம் தலைமுறை ஃபோக்ஸ்வேகன் கோல்ஃப் காரின் மூன்று கதவு வடிவத்தைத்தான் தேர்ந்தெடுத்தேன். இன்று வரை அதையே ஓட்டி வருகிறேன். ஆனால் இந்தப் பதில் எல்லோருக்கும் பொருந்தாது. பின் சீட்டில் யார், எவ்வளவு அடிக்கடி, எந்த உடல்நிலையோடு உட்காரப் போகிறார் என்ற ஒரே கேள்விதான் இதைத் தீர்மானிக்கிறது. மற்ற வாதங்களில் பெரும்பாலானவை இதற்கு அடுத்தபடியாகவே வரும்.

மூன்று கதவு என்றால் இடம் குறைவு என்று பலர் நினைக்கிறார்கள். பின்புறம் மேல்நோக்கித் திறக்கும் டிக்கிக் கதவையும் சேர்த்தே மூன்று, ஐந்து என்று எண்ணுகிறோம். பல மாடல்களில் இரண்டு வடிவங்களுக்கும் நீளமும் வீல்பேஸும் (முன், பின் சக்கரங்களுக்கு இடையிலான தூரம்) டிக்கியின் கொள்ளளவும் ஒன்றுதான். என் கோல்ஃபில் எந்த வடிவத்தை எடுத்தாலும் நீளம் சுமார் 4.2 மீட்டர், டிக்கி 350 லிட்டர். பின் சீட்டை மடித்தால் கிடைக்கும் இடத்திலும் வேறுபாடு இல்லை. ஆனால் இது எல்லா மாடல்களுக்கும் பொருந்தும் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். மூன்றாம் தலைமுறை சியாட் லியோனின் மூன்று கதவு வடிவத்தில் வீல்பேஸ் 35 மில்லிமீட்டர் குறைவு. மினியிலோ 2014-இல் வந்த ஐந்து கதவு வடிவத்தின் வீல்பேஸ் மூன்று கதவைவிட 72 மில்லிமீட்டர் அதிகம். அங்கே பின் சீட்டில் கால் நீட்டும் இடம் கண்ணுக்குத் தெரியும்படி மாறுகிறது. ஆகவே நீங்கள் பார்க்கும் மாடலின் இரண்டு வடிவங்களுக்கும் உரிய அளவுகளைத் தனித்தனியாக எடுத்து ஒப்பிட்டுப் பாருங்கள்.

அன்றாடம் ஓட்டுபவருக்கு மூன்று கதவு தரும் முதல் நன்மை, முன் கதவின் அகலம். முன் கதவுக்குப் பின்னால் கூரையைத் தாங்கும் நடுத்தூண் வெகுவாகப் பின்னால் தள்ளி இருப்பதால், உயரமானவர்கள் சீட்டைக் கடைசி வரை பின்னால் தள்ளினாலும் தோள் தூணில் இடிக்காது. ஏறுவதும் இறங்குவதும் எளிது. ஐந்து கதவுக் காரில் சீட்டை அப்படித் தள்ளினால் தோள் தூணுக்குப் பின்னால் போய்விடும். உடலைத் திருப்பித்தான் உள்ளே நுழைய வேண்டியிருக்கும். இரண்டாவது நன்மை பார்வை. சாய்வாகச் சேரும் சாலைகளில் பக்கவாட்டில் தலையைத் திருப்பிப் பார்க்கும்போது, ஐந்து கதவில் தூண் மறைக்கும் இடத்தில் இங்கே கண்ணாடி இருக்கிறது. பாதுகாப்பாக ஓட்டுவதில் அக்கறை உள்ள எவரும் இதைச் சிறிய விஷயமாக எண்ண மாட்டார்கள். ஆனால் அதே கார் பின்னோக்கி வரும்போது நிலைமை மாறலாம். சில மாடல்களில் தோற்றத்துக்காகப் பின் ஜன்னலைக் குறுக்கிப் பின்தூணைத் தடிப்பாக்கியிருப்பார்கள். ஓட்டிப் பார்க்கும்போது ரிவர்ஸ் எடுத்துப் பார்த்தால்தான் இது தெரியும்.

மூன்று கதவுக் கார் எடை குறைவு, உடல் உறுதி அதிகம், அதனால் வளைவுகளில் சிறப்பாக ஓடும் என்று ஆர்வலர்கள் எழுதுவார்கள். எடை ஓரளவு குறைவது உண்மைதான். ஆனால் சாதாரணச் சாலையில் சாதாரண வேகத்தில் செல்லும் சாதாரண எஞ்சின் காரில் அந்த வேறுபாட்டை ஓட்டுநர் உணர்வார் என்று நான் நம்பவில்லை. தேய்ந்த டயரோ தளர்ந்த ஷாக் அப்ஸார்பரோ அதைவிடப் பல மடங்கு வேறுபாட்டை ஏற்படுத்தும். எனவே இந்தக் காரணத்துக்காக மூன்று கதவைத் தேர்ந்தெடுக்க வேண்டியதில்லை.

விலைதான் என்னை இந்தப் பக்கம் சாய வைத்தது. குடும்பங்கள் ஐந்து கதவைத் தேடுவதால் அதற்கு வாங்குவோர் அதிகம்; அதே வயதும் அதே ஓட்டமும் உள்ள மூன்று கதவுக் காருக்கு விற்பவர் பெரும்பாலும் விலையைக் குறைக்க வேண்டியிருக்கிறது. அந்த இடைவெளியைக் கொண்டு புதிய ஆண்டோ, குறைந்த ஓட்டமோ, நல்ல பராமரிப்போ உள்ள காரை வாங்க முடிகிறது. பழைய காரைப் பொறுத்தவரை கதவுகளின் எண்ணிக்கையைவிட முந்தைய உரிமையாளரின் கவனம் முக்கியமானது என்பது என் உறுதியான கருத்து. எஞ்சின் ஆயிலை உரிய நேரத்தில் மாற்றியவரின் கார் மூன்று கதவாக இருந்தாலும், அலட்சியமாக ஓட்டப்பட்ட ஐந்து கதவைவிட நெடுநாள் உழைக்கும். இன்னொன்றையும் கவனித்திருக்கிறேன்: வாடகைக்கும் பயணிகளை ஏற்றிச் செல்வதற்கும் மூன்று கதவை எவரும் விரும்பி எடுப்பதில்லை, ஆகவே கடும் உழைப்புக்கு உள்ளான கார் உங்களிடம் வந்து சேரும் வாய்ப்பு அந்த அளவுக்குக் குறைகிறது. பின் சீட்டும் அதன் பெல்ட்டுகளும் பெரும்பாலும் புதிது போலவே இருக்கும்.

வேகத்துக்கென்று செய்யப்பட்ட மாடல்களில் இந்தக் கணக்கு தலைகீழாகிவிடும். பெஜோ 205 ஜி.டி.ஐ. மூன்று கதவில் மட்டுமே வந்தது; 1976-இல் விற்பனைக்கு வந்த முதல் கோல்ஃப் ஜி.டி.ஐ.யை நினைப்பவர்களின் மனத்தில் தோன்றுவதும் மூன்று கதவு உருவமே. அந்த வகைக் கார்களைச் சேகரிப்போர் மூன்று கதவுக்கே கூடுதல் விலை கொடுப்பார்கள். உங்களுக்கு அது தேவையில்லை என்பதால் அதை இங்கேயே விட்டுவிடுகிறேன்.

வாங்குவதற்கு முன் மூன்று கதவில் மட்டும் தனியாகச் சோதிக்க வேண்டியவை சில உண்டு. பொதுவாகப் பழைய கார் பார்த்துத் தரும் மெக்கானிக்குகள் எஞ்சினிலும் கியர்பாக்ஸிலும் கவனம் செலுத்துவார்களே தவிர, இவற்றைத் தொடுவதில்லை. முதலாவது கதவு. நீளமான, கனமான கதவு என்பதால் கீல்களின் மீது பாரம் அதிகம். பல ஆண்டுகள் போனபின் கதவு சற்றே தொங்கத் தொடங்கும். கதவைப் பாதி திறந்து, கைப்பிடிப் பக்க விளிம்பைக் கீழிருந்து மெதுவாகத் தூக்கிப் பாருங்கள். ஆட்டம் தெரிந்தால் கீல் தேய்ந்திருக்கிறது. பூட்டு விழும் இடத்தில் உள்ள இரும்பு வளையத்தின் ஒரு பகுதி மட்டும் பளபளவென்று உரசியிருந்தால் அதுவும் அதே குறைபாட்டின் அடையாளமே. கதவைப் பாதியில் நிறுத்திவைக்கும் பட்டை வேலை செய்கிறதா என்பதையும் பாருங்கள். அது தளர்ந்திருந்தால் காற்றடிக்கும்போது இவ்வளவு பெரிய கதவு பக்கத்துக் காரில் போய் மோதும். கண்ணாடியும் பெரிது என்பதால் அதை ஏற்றி இறக்கும் மோட்டாரும் கேபிளும் தடுமாறாமல் இயங்குகின்றனவா என்று பலமுறை ஏற்றி இறக்கிப் பாருங்கள்.

இரண்டாவது, முன் சீட்டை மடித்து முன்னே நகர்த்தும் அமைப்பு. நல்ல நிலையில் இருந்தால் ஒரே இழுப்பில் சீட்டின் முதுகு சாய்ந்து, சீட் முழுதும் முன்னே நகர்ந்து, திரும்பத் தள்ளும்போது பழைய இடத்துக்கே வந்து நிற்க வேண்டும். சில கார்களில் இந்த நினைவு வசதி ஒரு பக்கச் சீட்டுக்கு மட்டுமே உண்டு. சிலவற்றில் கேபிள் அறுந்து போயிருக்கும். இரண்டு பக்கமும் செய்து பார்த்த பின், சீட் தண்டவாளத்தில் உறுதியாகப் பூட்டிக்கொள்கிறதா என்று அமர்ந்து அசைத்துப் பாருங்கள். பூட்டிக்கொள்ளாத சீட்டோடு காரை ஓட்டவே கூடாது. அத்துடன் முன் சீட் பெல்ட் வெகுதூரம் பின்னால் இருப்பதால் அதைத் தோளுக்கு அருகே கொண்டுவரும் சிறு வழிகாட்டி இருக்க வேண்டும். அது உடைந்திருந்தால் குட்டையானவர்கள் ஒவ்வொரு முறையும் உடலை முறுக்கித்தான் பெல்ட்டை எட்ட வேண்டியிருக்கும்.

மூன்றாவது, நான் மிக முக்கியமாகக் கருதுவது, கதவுக்குப் பின்னால் தொடங்கி பின் விளக்கு வரை செல்லும் நீண்ட பக்கத் தகடு. ஐந்து கதவுக் காரில் பக்கவாட்டில் அடிபட்டால் அடி பெரும்பாலும் பின் கதவில் விழும். அந்தக் கதவைப் போல்ட்டுகளைக் கழற்றி மாற்றிவிடலாம். மூன்று கதவில் அதே இடத்தில் இருப்பது காரின் உடலோடு வெல்டு செய்யப்பட்ட தகடு. அதை மாற்ற வேண்டுமென்றால் வெட்டி எடுத்து, புதிதாக வெல்டு செய்து, துருப் பிடிக்காமல் உள்ளே பூச்சும் கொடுக்க வேண்டும். அதனால் பலர் செலவுக்குப் பயந்து டிங்கரிங் செய்து, பட்டி பூசி, மேலே பெயிண்ட் அடித்து விற்றுவிடுகிறார்கள். பகல் வெளிச்சத்தில் காரின் பின்மூலையில் குந்தி உட்கார்ந்து தகட்டின் நீளவாக்கில் பாருங்கள். பிம்பம் அலை அலையாக வளைந்தால் சந்தேகப்படுங்கள். பெயிண்டின் தடிமனை அளக்கும் கருவி கிடைத்தால் இன்னும் நல்லது. தொழிற்சாலைப் பூச்சு பெரும்பாலும் 100 முதல் 150 மைக்ரான் அளவில் இருக்கும். ஓரிடத்தில் மட்டும் அது பல மடங்கு உயர்ந்தால் உள்ளே பட்டி இருக்கிறது என்று பொருள். பின்பக்கக் கண்ணாடியின் ரப்பரைச் சுற்றியும், பின் சீட்டுக்கடியில் உள்ள கார்ப்பெட்டிலும் ஈரம் இருக்கிறதா என்று தொட்டுப் பார்ப்பதையும் மறக்க வேண்டாம்.

எவர் இந்தக் காரை வாங்கக் கூடாது என்பதையும் அதே உறுதியோடு சொல்ல வேண்டும். கைக்குழந்தை இருக்கும் வீட்டுக்கு மூன்று கதவு ஏற்றதல்ல. குழந்தை இருக்கைகளுக்கான ஐ.நா.வின் ஆர்129 விதிமுறைப்படி குழந்தை 15 மாதத்தைக் கடக்கும் வரை பின்னோக்கிய இருக்கையில்தான் உட்கார வேண்டும். அந்த இருக்கையைப் பின் சீட்டில் பொருத்தி, முன் சீட்டுக்கும் தூணுக்கும் இடைப்பட்ட சந்து வழியே குனிந்து, குழந்தையைக் கையில் ஏந்தியபடி உள்ளே நீட்டிப் பட்டைகளை மாட்டுவது முதுகைப் பதம் பார்க்கும் வேலை. மழையில் அது இன்னும் கடினம். சற்று வளர்ந்த பிள்ளைகளுக்குப் பின்னால் கதவே இல்லாதது ஒரு வகையில் பாதுகாப்பு என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் இப்போதைய ஐந்து கதவுக் கார்களில் பின் கதவை உள்ளிருந்து திறக்க முடியாதபடி செய்யும் பூட்டு உள்ளதால் அந்த வாதத்துக்கு வலு குறைவு. அவசர நேரத்தில் பின்னால் இருப்பவர்கள் தாமாக வெளியேற முடியாமல் முன்னால் இருப்பவரை நம்பியிருக்க வேண்டும் என்பதையும் எடைபோட்டுப் பாருங்கள். நெருக்கமான பார்க்கிங்கில் தினமும் நிறுத்துபவருக்கும் இது தொல்லை. நீளமான கதவைப் பாதி திறக்கக்கூட இடம் கிடைக்காது.

இந்தத் தேர்வு உங்களுக்கு இனி நெடுநாள் இருக்கப் போவதில்லை என்பதும் உண்மை. ரெனோ 2012-இல் நான்காம் தலைமுறை கிளியோவை ஐந்து கதவில் மட்டுமே கொண்டுவந்து, பின் கதவின் கைப்பிடியை ஜன்னல் ஓரத்தில் மறைத்து மூன்று கதவின் தோற்றத்தைக் கொடுத்தது. 2017-இல் வந்த ஆறாம் தலைமுறை போலோ, 2019-இல் வந்த எட்டாம் தலைமுறை கோல்ஃப், அதே ஆண்டின் பெஜோ 208 ஆகியவையும் மூன்று கதவைக் கைவிட்டன. குறைவாக விற்கும் வடிவத்துக்கென்று தனிக் கதவும் தனிப் பக்கத் தகடும் அச்சிடுவது நிறுவனங்களுக்குக் கட்டுப்படியாகவில்லை. நல்ல நிலையில் உள்ள மூன்று கதவுக் கார்கள் ஆண்டுக்கு ஆண்டு அரிதாகும் என்பதே இதன் விளைவு. ஆனால் இதனால் விலை ஏறும் என்று எண்ணி வாங்காதீர்கள். சாதாரண மாடலை விற்கப் போகும்போது ஐந்து கதவைவிட அதிக நாள் காத்திருக்க வேண்டியிருக்கும் என்று கணக்கிட்டுக்கொள்வதே நல்லது. மூன்று கதவுக்கே உரிய நீண்ட கதவும் பக்கக் கண்ணாடியும் உதிரிபாகமாகக் கிடைக்கின்றனவா என்றும் முன்கூட்டியே விசாரித்துவிடுங்கள்.

கடைசியாக உங்கள் தாயாரைப் பற்றி. அவர் முன் சீட்டில் அமர்வதாக இருந்தால் மூன்று கதவு அவருக்கு வசதியானதே. அகலமான வாயில் என்பதால் பக்கவாட்டில் அமர்ந்து, கால்களை மெதுவாக உள்ளே எடுத்துக்கொள்ளலாம். அப்போது உங்கள் துணைவியோ நீங்களோ பின்னால் செல்ல வேண்டும். உங்களில் எவருக்கும் முழங்கால் வலியோ முதுகு வலியோ இல்லையென்றால் அது ஒரு தடையல்ல. முன் சீட்டில் அமர அவருக்கு விருப்பமில்லை, எப்போதும் பின்னால்தான் அமர்வார் என்றால் நான் மேலே சொன்ன அனைத்தையும் தள்ளிவைத்துவிட்டு ஐந்து கதவுக் காரையே எடுங்கள். அதிகம் ஓடியிருந்தாலும் பரவாயில்லை, பராமரிப்புக்கென்று கொஞ்சம் பணம் ஒதுக்குங்கள். முன்பணம் கொடுப்பதற்கு முன்பே அவரையும் அழைத்துச் சென்று, இரண்டு கார்களிலும் அவர் வழக்கமாக அமரும் இடத்தில் ஏறி இறங்கச் சொல்லிப் பாருங்கள்.