சமரசம் முடிந்தும் ஆறு மாதக் காத்திருப்பு ஏன்?

பரஸ்பர சம்மத விவாகரத்துக்காகச் சமரச மையத்தில் இருவரும் கையெழுத்திட்ட பிறகும் நீதிமன்றம் ஏன் ஆறு மாத வாய்தா கொடுத்தது என்று கேட்டிருக்கிறீர்கள். அந்த ஆறு மாதங்களைத் தள்ளுபடி செய்யக் குடும்பநல நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. இந்து திருமணச் சட்டத்தின் 13-பி பிரிவு கூறும் அந்தக் காத்திருப்பு கட்டாயமானதன்று என்று அமர்தீப் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2017-இல் தீர்ப்பளித்துள்ளது. ஆனால் சமரச மையத்தில் இருவரும் கையெழுத்திட்டதால் மட்டும் அந்தத் தள்ளுபடி தானாகக் கிடைத்துவிடாது. தனி மனு போட வேண்டும். அம்மனு போடப்படாததே உங்களுக்கு ஆறு மாத வாய்தா கொடுக்கப்பட்டதற்குக் காரணமாக இருக்கலாம்.

முதலில், பரஸ்பர சம்மத மனுவின் நகலை எடுத்து, எந்தத் தேதியிலிருந்து பிரிந்து வாழ்வதாக எழுதப்பட்டுள்ளது என்று பாருங்கள். அத்தேதிக்கும் மனு தாக்கலான நாளுக்கும் இடையே 18 மாதங்கள் கடந்து, ஜீவனாம்சம், குழந்தையின் பொறுப்பு ஆகியவையும் முடிவாகியிருந்தால், மனு தாக்கலாகி ஒரு வாரத்துக்குப் பிறகு காத்திருப்பைத் தள்ளுபடி செய்யக் கோரலாம். ஓராண்டு மட்டுமே ஆகியிருந்தால் காத்திருப்பதே உசிதம்.

ஒன்றை மறக்க வேண்டாம்: தீர்ப்பாணை வரும்வரை இருவரில் எவரும் சம்மதத்தைத் திரும்பப் பெறலாம். ஆகவே முழுத் தொகையையும் இப்போதே கொடுத்துவிடாமல், கடைசித் தவணையை இறுதி விசாரணை நாளில் வங்கி வரைவோலையாக நீதிமன்றத்திலேயே ஒப்படைப்பதாக எழுதிக்கொள்வது நல்லது. நகைகளையும் "எல்லாம் பெறப்பட்டன" என்று ஒரே வரியில் முடிக்காமல், சவரன் கணக்குடன் பட்டியலிடுங்கள். பின்னாளில் தகராறு பெரும்பாலும் அங்கிருந்துதான் கிளம்புகிறது.

நீங்கள் குறிப்பிட்ட 498-ஏ வழக்கு, அதாவது மனைவியைக் கொடுமைப்படுத்தியதாகக் கணவர் தரப்பின்மீது போடப்படும் குற்றவியல் வழக்கு, இந்த ஒப்பந்தத்தால் முடிவுக்கு வராது. அதை ரத்து செய்ய உயர் நீதிமன்றத்தைத்தான் நாட வேண்டும்.