கோவாவா, பாண்டிச்சேரியா?

கேள்வி: தை மாதம் எனக்குக் கல்யாணம். ஐந்து தோழிகளை என் செலவில் ஒரு சனி, ஞாயிறு வெளியூர் அழைத்துப்போக ஆசை. எல்லோரும் கோவா என்கிறார்கள். என் கையில் 40,000 ரூபாய்தான் இருக்கிறது.
- வாசகி, சென்னை

பதில்: கோவா என்றால் ஆறு பேருக்குப் போய்வர விமான டிக்கெட்டிலேயே பணம் கரைந்துவிடும். பாண்டிச்சேரி போங்கள். கிழக்குக் கடற்கரைச் சாலையில் சுமார் 150 கிலோமீட்டர்தான், விடியற்காலையில் வேனில் கிளம்பினால் வெயில் ஏறுவதற்குள் மஞ்சள் சுவர்மேல் காகிதப்பூ கொத்துக் கொத்தாகச் சரிந்து கிடக்கும் பிரெஞ்சுத் தெருக்களில் நடக்கலாம். மாலையில் கடற்கரைச் சாலையில் வண்டிகளை விடமாட்டார்கள், ஆறு பேரும் கைகோத்து நடுரோட்டில் நடக்கலாம், எனக்கு அந்த ஊரில் ரொம்பப் பிடித்ததே அதுதான். மறுநாள் சுண்ணாம்பாற்றில் படகு.

அப்புறம், அறை, வேன், சாப்பாடு எல்லாம் உங்கள் செலவு என்று இப்போதே சொல்லிவிடுங்கள். பணம் இல்லாததால் வரத் தயங்கும் தோழி நிச்சயம் ஒருத்தி இருப்பாள், அவள் வாய்விட்டுச் சொல்லமாட்டாள். எல்லோரும் ஒரே மாதிரி உடை வாங்க வேண்டும் என்றும் கேட்காதீர்கள். தேதியை மட்டும் பந்தக்கால் நடுவதற்கு முன்னால் வையுங்கள். நட்டபிறகு கல்யாணப் பெண்ணை ஊர் தாண்ட விடமாட்டார்கள் வீட்டுப் பெரியவர்கள்.