குளிசை முடியிறதுக்கு முன்னம் கடுதாசி முடியவேணும்

தம்பி, நியூ ஜேர்சிக்கு வந்து மூண்டு கிழமை, கிரீன் காட் இருக்கு, இன்சூரன்ஸ் இல்லை, திருகோணமலைப் பெரியாஸ்பத்திரி பாலியல் நோய் (எஸ்.டி.டி) கிளினிக்கில தந்த எச்.ஐ.வி குளிசை இன்னும் 40 நாளைக்குத்தான் காணும், இருக்கிற வீட்டில ஒண்டுவிட்ட அண்ணனுக்கு விசயம் தெரியாது எண்டு எழுதியிருக்கிறீங்கள். பின்னால லைசென்ஸ், குளிர் உடுப்பு, வேலை எண்டு ஒரு பட்டியலும் இருக்கு. அதெல்லாம் அண்ணன் பாத்துக்கொள்ளுவார். குளிசைக் கதையை மட்டும் நான் சொல்லுறன். இந்த நாட்டுக் கடுதாசி வேலைக்கு 40 நாள் மட்டுமட்டு.

ஊரில கிளினிக் கொப்பியை நீட்டினா ரத்தச் சோதனையும் மருந்தும் காசில்லாமல் கிடைக்கும். இங்கயும் கிடைக்கும், ஆனா கேட்கத் தெரியவேணும். கேட்கவேண்டிய பேர் ரயன் வைற். இந்தியானாவில ரத்த உறையாமை நோய்க்குக் குடுத்த மருந்தால தொற்று வந்து, 1990 ஏப்ரலில செத்துப்போன பெடியன் அவன். அதே வருசம் ஓகஸ்ற்றில, காசோ இன்சூரன்ஸோ காணாத எச்.ஐ.வி நோயாளருக்கு உதவ அவன்ர பேரில சட்டம் வந்தது. மத்திய அரசின்ர காசு நகரங்களுக்கும் மாநிலங்களுக்கும் கிளினிக்குகளுக்கும் பிரிஞ்சு போகும். அதால 'ரயன் வைற் கந்தோர்' எண்டு ஒண்டைத் தேடி அலையவேண்டாம். அந்தக் காசு வாங்கிற கிளினிக்கைத்தான் பிடிக்கவேணும். நியூவாக், ஜேர்சி சிற்றிப் பக்கம் தட்டுப்பாடில்லை. போன் எடுத்தா, "புது நோயாளி, இன்சூரன்ஸ் இல்லை, மருந்து இத்தினையாம் திகதி முடியுது" எண்டு சொல்லுங்கோ. திகதியைச் சொல்லாட்டி அவையள் தங்கட வசதிக்கு ஒரு நாளைத் தந்து விட்டிடுவினம்.

மூண்டு சான்று கேட்பினம்: நோய், வருமானம், வசிப்பிடம். சறுக்கிறது முதலாவதிலதான். நீங்கள் ஒழுங்கா மருந்து எடுத்திருந்தா கடைசி றிப்போட்டில வைரஸ் கண்டுபிடிக்க முடியாத அளவில இருக்கும். உடம்புக்கு அது நல்ல செய்தி, ஆனா நோய் இருக்கெண்டதுக்கு அது சான்றாகாது. முதல் சோதனை றிப்போட்டோ, ஊர் டொக்டரின்ர ஆங்கிலக் கடிதமோ வேணும். திருகோணமலைக் கிளினிக்குக்கு நீங்களே கதைச்சு எடுப்பியுங்கோ, ஆளை அனுப்பாதேங்கோ. பழைய றிப்போட் இன்னொண்டுக்கும் உதவும்: ரத்தத்தில வைரஸ் கண்டுபிடிக்க முடியாத அளவில இருக்கிறவருக்கு எந்த மருந்துக்கு எதிர்ப்பு இருக்கெண்டு பாக்கிற சோதனை வழமையா எடுபடாது, டொக்டர் பழசைப் பாத்துத்தான் முடிவெடுப்பார். குளிசைப் போத்தலையும் எறியாதேங்கோ. டொலுற்றிகிறவிர், லமிவுடின், ரெனோபோவிர் எண்டு மூண்டும் சேர்ந்த ஊர்க் குளிசை இங்கத்தைப் பாமசியில அப்படியே இராது, வேற கூட்டாய் மாத்தித் தருவினம்.

வருமானம் இல்லையெண்டா இல்லையெண்டு கையெழுத்து வைக்க ஒரு படிவம் இருக்கு. வசிப்பிடத்துக்கு அண்ணனிட்டைக் கடிதம் கேட்கப் பயமெண்டா, அந்த விலாசத்துக்கு வந்த வங்கிக் கடிதமோ மாநில அடையாள அட்டையோ காணும். அதோட முதல் நாளே, கிளினிக்கில உங்கட விண்ணப்பங்களைப் பாக்கிற கேஸ் மனேஜரிட்டை, "வீட்டுக்குத் தபால் வேண்டாம், என்ர கைப்போனுக்கு மட்டும் எடுங்கோ, மருந்தைப் பாமசியில வந்து எடுக்கிறன்" எண்டு எழுதுவியுங்கோ. சொல்லாட்டி பெட்டி வீட்டு வாசலில வந்து நிக்கும்.

ரயன் வைற் காசு கடைசியாக் கை நீட்டிற காசு. வேற ஆராவது கட்டவேண்டிய இடத்தில அது கட்டாது. அதால முதல்ல மெடிக்கெயிட்டுக்கு, அதாவது வருமானம் குறைஞ்சவைக்கு அரசு தாற இன்சூரன்ஸுக்கு, விண்ணப்பிக்கச் சொல்லுவினம். கிரீன் காட் எடுத்து 5 வருசமாகாத வளந்தாக்களுக்குப் பெரும்பாலும் மறுப்புக் கடிதம்தான் வரும். மனம் உடைஞ்சு அதைக் கிழிக்காதேங்கோ, பைலில வையுங்கோ. வேற ஆரும் கட்டமாட்டினம் எண்டதுக்கு அது உங்களுக்குச் சான்று.

இப்ப நான் வாய் ஓயாமல் சொல்லுற விசயம். ரயன் வைற் காசு வெளிநோயாளர் சிகிச்சைக்கு மட்டும். வார்ட்டில படுத்தா கட்டாது, எமேர்ஜென்சிக்குப் போனாலும் கட்டாது. எங்கட சனத்துக்கு எதுக்கெடுத்தாலும் எமேர்ஜென்சி. "அங்க திருப்பி அனுப்ப ஏலாது, போ" எண்டு கோயில் மண்டபத்தில இருந்து புத்தி சொல்லுறவை ஒருத்தரும் பிறகு வாற பில்லைக் கட்டுறேல்லை. மருந்து முடிஞ்சுதெண்டு அங்க போனா, கையில ஒரு மருந்துத் துண்டும் ஆயிரக்கணக்கான டொலர் பில்லும்தான் மிச்சம். படுக்கவேண்டி வந்தா நியூ ஜேர்சியில ஆஸ்பத்திரிக்குள்ளயே, காசில்லாதவையின்ர பில்லைக் குறைக்கிற சரிற்றி கெயார் எண்டு ஒரு விண்ணப்பம் இருக்கு, கேட்டு நிரப்புங்கோ. அதைவிட நல்லது, வெளிநாட்டில இருந்து குடிவந்த 60 நாளுக்குள்ள மார்க்கெற்பிளேஸ் எண்ட அரசின்ர இன்சூரன்ஸ் சந்தையில இன்சூரன்ஸ் எடுக்கிறது. மூண்டு கிழமை போட்டுது, எண்ணிக்கொள்ளுங்கோ. மாதக் கட்டணத்தை, ரயன் வைற் காசில எச்.ஐ.வி மருந்து குடுக்கிற மாநிலத்தின்ர எயிட்ஸ் மருந்துத் திட்டம் கட்டுமோ எண்டு கேஸ் மனேஜரிட்டைக் கேளுங்கோ. கன மாநிலங்களில கட்டும்.

வறுமைக்கோட்டுக்குக் கீழ வருமானமெண்டா ரயன் வைற் சேவைக்கு உங்களிட்டை ஒரு சதமும் அறவிடக்கூடாது. அதுக்கு மேல, கோட்டின்ர இரண்டு மடங்கு வரைக்கும் எண்டா வருசத்துக்கு வருமானத்தில 5 வீதம்தான் உச்சம். பில் வந்தா கட்டிப்போட்டு யோசிக்காதேங்கோ.

முதல் நாள் ரத்தம் கனக்க எடுப்பினம்: வைரல் லோட் (ரத்தத்தில வைரஸ் எவ்வளவு எண்டது), சி.டி.4 (நோய் எதிர்ப்புக் கலங்களின்ர எண்ணிக்கை), ஈரல், சிறுநீரகம், கெப்பரைற்றிஸ். காசநோய்க்குத் தோலில ஊசி போட வந்தா கையில இருக்கிற பி.சி.ஜி தழும்பைக் காட்டி ரத்தச் சோதனை கேளுங்கோ. அந்தத் தடுப்பூசியால தோல் சும்மாவே வீங்கும்.

மொழிபெயர்க்க அண்ணனையோ அன்ரியையோ கூட்டிப்போகாதேங்கோ. தமிழ் வேணுமெண்டா போனில ஆளைப் பிடிச்சுத் தருவினம், காசில்லை. அவருக்கு உங்கட பேரைச் சொல்லத் தேவையில்லை. எங்கட ஆக்கள் இங்க வந்து பனி தள்ளப் பழகிட்டினம், வரிப்படிவம் நிரப்பப் பழகிட்டினம், அடுத்தவனின்ர வருத்தத்தை வாய்க்குள்ள வச்சிருக்க மட்டும் பழகேல்லை. "சோதனையில பிடிபட்டா கிரீன் காட் போயிடும்" எண்டு இன்னும் சொல்லித் திரியிறதும் இவையள்தான். அது பழைய காலம். அப்ப குடிவரவு மெடிக்கலில எச்.ஐ.வி சோதனை இருந்தது, தொற்று இருந்தா விசா இல்லை. 2010 ஜனவரி 4 ஓட அந்தத் தடை போட்டுது. அதுக்குப் பிறகும் எயிட்ஸ் மருந்துத் திட்டத்துக்கு வரிசை இருந்தது, 2011 இல 9,000 பேருக்கு மேல காத்திருந்தவை. உப்புவெளியில இருந்து வந்தாலும் ஒகையோவில பிறந்தாலும் அதே வரிசை. ஒரு நாளைக்கு ஒரு குளிசை எண்டு இப்ப சுகமாச் சொல்லுறம், அதுக்கு முந்தினவை கைநிறைய விழுங்கினவை.

இன்னொண்டு. மருந்துத் திட்டம் மாநிலத்தோட ஒட்டினது. ரெக்சஸில வேலை எண்டு ஓடினா அங்க முதலில இருந்து விண்ணப்பம். போக முன்னம் ஒரு மாத மருந்து கையில இருக்கவேணும். கோணேசர் திருவிழாவுக்கு ஊருக்குப் போறதெண்டாலும், பாமசியில கூடுதலா 30 நாள் மருந்துக்கு அனுமதி எடுக்கக் கிழமைக்கணக்கில ஆகும். ரிக்கெற் போட்ட அண்டைக்கே கேளுங்கோ. போத்தலை லேபலோட கைப்பையில வையுங்கோ, பெட்டிக்குள்ள போடாதேங்கோ.