24 சதவீத வட்டி எங்கே போனது? களுவாஞ்சிகுடி டீச்சருக்கு ஒரு பதில்

கேள்வி: தம்பி, நான் களுவாஞ்சிகுடியிலிருந்து எழுதுகிறேன், ஓய்வுபெற்ற ஆசிரியை. 2021 செப்டெம்பரில் கைக்கு வந்த 25 இலட்சத்தை வங்கியில் நிலையான வைப்பில் போட்டேன், அப்போது 6 சதவீதம். 2022 செப்டெம்பரில் புதுப்பித்தபோது 24 சதவீதம் தந்தார்கள். மாதம் 50,000 ரூபாய் வந்தது, மருந்து, பேரப்பிள்ளையின் டியூஷன் எல்லாம் அதில்தான் ஓடியது. இப்போது 8 தான் என்கிறார்கள். எங்களைப் போல வட்டியில் சீவிக்கிற ஆட்களை மத்திய வங்கி ஏன் இப்படித் தண்டிக்கிறது? மருமகனுக்குத் தெரிந்த ஒருவர் மாதம் நூற்றுக்கு மூன்று தருகிறாராம். அங்கே கொடுக்கலாமா?

பதில்: கொடுக்க வேண்டாம் டீச்சர். மற்றதெல்லாம் பிறகு, இதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

மாதம் நூற்றுக்கு மூன்று என்றால் வருடத்துக்கு 36. ஒழுங்காகத் தொழில் செய்து ஒழுங்காகக் கணக்கு வைத்திருக்கிற ஒருவருக்கு இன்றைக்கு வங்கியே அதில் பாதிக்கும் குறைந்த வட்டியில் கடன் கொடுக்கும். அப்படியிருக்க அவர் ஏன் உங்களிடம் வந்து 36 தருகிறேன் என்கிறார்? வங்கி அவருக்குக் கொடுக்காது, அல்லது அவர் வங்கிக்குப் போகவே முடியாது. பொதுமக்களிடம் வைப்புப் பணம் வாங்குவதற்கு மத்திய வங்கியின் அனுமதி வேண்டும், 2011ஆம் ஆண்டின் 42ஆம் இலக்க நிதித்தொழில் சட்டப்படி அனுமதி இல்லாமல் வாங்குவது குற்றம். எங்கள் வீட்டிலும் இது நடந்தது. அப்பா தன் சேமிப்பை நல்ல வட்டி தருகிறோம் என்ற ஓர் இடத்தில் போட்டார், முதல் ஏழு மாதம் சொன்ன திகதிக்குக் காசு வந்தது, எட்டாவது மாதம் கதவில் பூட்டு. அந்தப் பற்றுச்சீட்டை அம்மா இன்னும் அலுமாரியில் சேலைக்கு அடியில் வைத்திருக்கிறார், ஒரு ரூபாய் திரும்பி வரவில்லை.

சரி, இப்போது உங்கள் உண்மையான கேள்விக்கு வருகிறேன்.

நமது பொருளாதாரத்தில் எல்லாவற்றின் விலையையும் சந்தைதான் தீர்மானிக்கிறது என்று படிக்கிறோம். களுவாஞ்சிகுடிச் சந்தையில் கத்தரிக்காய்க்கு அது சரி. ஆனால் காசுக்கும் ஒரு விலை இருக்கிறது, அதுதான் வட்டி, அந்த விலையின் அடித்தளத்தைப் போடுவது மத்திய வங்கியின் மேசையைச் சுற்றி உட்கார்ந்திருக்கும் சிலபேர். இது இலங்கையில் மட்டுமல்ல, முதலாளித்துவத்தின் தலைநாடு என்று சொல்லப்படும் அமெரிக்காவிலும் அப்படித்தான். அங்கே விலைவாசி ஏறிக்கொண்டே போனபோது மத்திய வங்கித் தலைவராக இருந்த போல் வோல்க்கர் கொண்டுவந்த இறுக்கத்தால் 1981 இல் வட்டி 20 சதவீதம் அளவுக்குப் போனது, விலைவாசி அடங்கியது, ஆனால் அடுத்த வருடம் வேலையில்லாதோர் 10 சதவீதத்தைத் தாண்டினார்கள். அந்த மேசையில் எடுக்கிற முடிவு ஒருவருக்கு லாபமாகவும் இன்னொருவருக்கு அடியாகவும்தான் வந்து சேரும்.

உங்களுக்கு அடி எப்போது விழுந்தது என்று பாருங்கள். இப்போது என்று நீங்கள் நினைக்கிறீர்கள். என் கணக்கில் அது 2021 செப்டெம்பருக்கும் 2022 செப்டெம்பருக்கும் இடையில் விழுந்தது, நீங்கள் மாதம் 12,500 ரூபாய் வட்டியை அமைதியாக எடுத்துக்கொண்டிருந்த நேரம். கொழும்பு நுகர்வோர் விலைச் சுட்டெண்ணின்படி அந்த ஒரு வருடத்தில் விலைகள் 69.8 சதவீதம் ஏறின. உங்கள் 25 இலட்சம் புத்தகத்தில் 25 இலட்சமாகவே இருந்தது, ஆனால் அதனால் வாங்கக்கூடிய சாமான், முந்திய வருடக் கணக்கில் ஏறத்தாழ 14 இலட்சத்து 70 ஆயிரம் ரூபாய்க்கானது. பத்து இலட்சத்துக்கு மேல் போய்விட்டது. யாரும் களவெடுக்கவில்லை, வங்கியில் ஒரு சதமும் குறையவில்லை, அதனால்தான் உங்களுக்குத் தெரியவில்லை. என் அம்மா கடைக் கொப்பியில் விலை எழுதி வைப்பவர். பால்மா 400 கிராம் பைக்கற் 380 என்று ஒரு பக்கத்தில் இருக்கிறது, சில பக்கம் தள்ளினால் அதே பைக்கற் 790, பக்கத்தில் சிவப்புப் பேனையால் ஒரு கோடு. அதற்குப் பிறகு பால்மா என்ற சொல்லே பல மாதமாக அந்தக் கொப்பியில் இல்லை.

அது ஏன் நடந்தது? 2019 கடைசியில் வரிகளை வெட்டினார்கள், பெறுமதி சேர் வரி 15 இலிருந்து 8 ஆனது. கேட்க நன்றாகத்தான் இருந்தது, கடைக்காரரும் சந்தோசம், நாமும் சந்தோசம். ஆனால் அரசாங்கத்துக்கு வருமானம் விழுந்தது, செலவு விழவில்லை, பிறகு கொரோனா வந்தது, வெளிநாட்டுச் சந்தையில் கடன் வாங்கும் வழியும் அடைபட்டது. மிச்சம் இருந்த வழி, அரசாங்கம் கடன் வாங்க எழுதிக் கொடுக்கும் திறைசேரி உண்டியல்களை மத்திய வங்கியே வாங்கிக் காசை உருவாக்கிக் கொடுப்பது. சாமான் கூடாமல் காசு மட்டும் கூடினால் விலை ஏறத்தானே செய்யும். வட்டியைக் கீழேயே பிடித்து வைத்தார்கள், டொலரையும் 200 ரூபாய் அளவில் கட்டி வைத்தார்கள். கட்டாரிலும் சவூதியிலும் இருக்கிற நம் பிள்ளைகளுக்கு வங்கிக்கு வெளியே காசு அனுப்பித் தரும் உண்டியல்காரர் வங்கியை விடக் கூடக் கொடுத்ததால் (பெயர் ஒன்றுதான், திறைசேரி உண்டியலுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை) டொலர் வங்கிக்கு வராமல் போனது. 2022 மார்ச்சில் கட்டு அவிழ்ந்தது, மே மாதத்தில் டொலர் 360 ரூபாய் அளவில் நின்றது. ஏப்ரல் 8ஆம் திகதி மத்திய வங்கி ஒரே நாளில் கொள்கை வட்டியை (வங்கிகளுக்கு அது வைக்கும் அடிப்படை வட்டி) 7 சதவீதப் புள்ளிகளால் ஏற்றியது, நான்கு நாள் கழித்து வெளிநாட்டுக் கடனைக் கட்ட முடியாது என்று நாடு அறிவித்தது. உங்கள் 24 அங்கிருந்துதான் வந்தது.

அந்த 24 நல்ல வருடம்தான், அதை மறுக்க மாட்டேன். 2023 செப்டெம்பரில் விலையேற்றம் வெறும் 1.3 சதவீதத்துக்கு வந்துவிட்டது, ஆகவே அந்த வருடம் கிடைத்த 6 இலட்சமும் கிட்டத்தட்ட உண்மையான காசு. ஆனால் அதற்கு முதல் வருடம் போன பத்து இலட்சத்துக்கு அது ஒரு பகுதி நட்டஈடு மட்டுமே. அப்புறம், அந்த வட்டியை யார் கட்டினார்கள் என்றும் நினைத்துப் பாருங்கள். கடன் வாங்கிச் சாமான் போட்ட கல்முனைக் கடைக்காரர், லீசிங்கில் ஆட்டோ எடுத்த பொடியன், சம்மாந்துறையில் வெட்டு மெசின் வாங்கியவர். இவர்களில் சிலர் என்னிடம் அழுதுகொண்டு வந்திருக்கிறார்கள், மனைவியின் தாலிக்கொடியை அடகில் வைத்து லீசிங் தவணை கட்டிய ஒருவரை என்னால் மறக்க முடியாது. அதற்கு முன்னேயே 2021 இல் இரசாயன உரத்தைத் தடை செய்து அம்பாறை வட்டைகளில் வேளாண்மை விழுந்திருந்தது, அந்த வயிற்றில்தான் இந்த வட்டியும் விழுந்தது. 2022 இல் நாட்டின் பொருளாதாரமே 7 சதவீதத்துக்கு மேல் சுருங்கியது. 24 சதவீதத்தில் எந்தக் கடையும் தொடர்ந்து உயிர் வாழாது, கடை செத்தால் வங்கிக்கு வட்டி வராது, வங்கிக்கு வராவிட்டால் உங்களுக்கும் வராது. அதனால்தான் விலைவாசி அடங்கியதும் 2023 யூனிலிருந்து படிப்படியாகக் குறைத்தார்கள், 2025 மேயில் கொள்கை வட்டி 7.75 ஆனது. உங்கள் 8 அதன் நிழல்.

2021 இன் 6 சதவீதமும் இன்றைய 8 சதவீதமும் பார்வைக்குப் பக்கத்தில் இருந்தாலும் இரண்டும் வேறு. 2023ஆம் ஆண்டின் புதிய மத்திய வங்கிச் சட்டம் அரசாங்கத்துக்குக் காசு உருவாக்கிக் கொடுப்பதைத் தடுக்கிறது, விலையேற்றத்தை 5 சதவீதம் அளவில் வைத்திருப்பது இலக்கு. சட்டம் எழுதினால் போதாது, அதைக் காப்பாற்றுகிறார்களா என்று நாம் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். தேர்தல் மேடையில் வரியைக் குறைப்போம் என்று யாராவது சொன்னால், அந்தக் காசு எங்கிருந்து வரும் என்று கேளுங்கள் டீச்சர், உங்கள் 25 இலட்சத்துக்காகவே கேளுங்கள்.

இப்போது கையிலுள்ள காசு. 8 சதவீதம் என்றால் வருடம் 2 இலட்சம், மாதம் ஏறத்தாழ 16,600. இதில் 10 சதவீதத்தை வரியாக வங்கி பிடிக்கும். உங்கள் வருட வருமானம் 18 இலட்சத்துக்குள் இருந்தால், வரி இலக்கத்தோடு வங்கியில் ஒரு பிரகடனம் எழுதிக் கொடுத்தால் பிடிக்காமல் விடுவார்கள், நாளைக்கே போய்க் கேளுங்கள். மிச்சத்தில் எல்லாவற்றையும் செலவழிக்காதீர்கள் என்று சொல்ல எனக்கே கஷ்டமாக இருக்கிறது, ஆனால் விலை வருடம் 5 சதவீதம் ஏறினால், உங்கள் முதல் தேயாமல் இருக்க ஒன்றேகால் இலட்சம் உள்ளேயே இருக்க வேண்டும். அப்படிப் பார்த்தால் மாதம் தாராளமாக எடுக்கக்கூடியது 6,250 தான். மருந்துக்காக அதற்கு மேல் எடுப்பதானால் எடுங்கள், அதில் தவறில்லை, ஆனால் அது வட்டி அல்ல, முதல் என்று தெரிந்துகொண்டு எடுங்கள்.

வங்கி விழுந்தால் கிடைக்கிற வைப்புக் காப்புறுதி ஒருவருக்கு ஒரு நிறுவனத்தில் 11 இலட்சம் வரைக்கும்தான். ஆகவே 25 இலட்சத்தையும் ஒரே இடத்தில் வைக்காமல் மூன்று வங்கியாகப் பிரியுங்கள், முதிர்வுத் திகதியையும் வேறு வேறு மாதமாக வையுங்கள், வட்டி ஏறினாலும் இறங்கினாலும் முழுக்காசும் ஒரே நாளில் மாட்டாது. ஒரு பங்கைத் திறைசேரி உண்டியலிலும் போடலாம், வங்கியிலேயே விண்ணப்பிக்கலாம். நகை வாங்கலாமா என்று கேட்பீர்கள், கொஞ்சம் வாங்கலாம், ஆனால் பவுண் மாதாமாதம் மருந்து வாங்கித் தராது.

வைப்புச் சான்றிதழை எடுத்து முதிர்வுத் திகதியைப் பாருங்கள். இடையில் உடைத்தால் வட்டியில் வெட்டுவார்கள், எவ்வளவு வெட்டுவார்கள் என்று கவுண்டரில் எழுத்தில் கேளுங்கள். அந்தத் திகதியையும், மாதம் மருந்துக்கும் டியூஷனுக்கும் உண்மையில் போகிற தொகையையும் எனக்கு எழுதி அனுப்புங்கள், எந்த மாதத்துக்கு எதை முதிர வைக்கலாம் என்று இருவரும் சேர்ந்து பார்ப்போம். மருமகனிடம் அதுவரை ஒன்றும் கையெழுத்துப் போட வேண்டாம் என்று சொல்லுங்கள்.